மிஷின் நம் கையில், பேட்டரி யார் கையில்?



ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் கிழக்குக் கடற்கரையில் விசைப்படகுகள் கடலுக்குப் போகக் கூடாது. ராமேஸ்வரம், பாம்பன், மண்டபம் பக்கம் அந்த நாட்களில் போனால் படகுகள் கரையேறி நிற்பதைப் பார்க்கலாம். பலகை மாற்றுவார்கள், போல்ட் மாற்றுவார்கள், ஃபைபர் ஒட்டுவார்கள், பெயின்ட் அடிப்பார்கள். மீனவருக்கு வருமானம் நின்றுபோகும் இந்த இரண்டு மாதம்தான் தச்சு, வெல்டிங், பெயின்ட் வேலைக்காரர்களுக்கு சீசன். உள்நாட்டு ஊர்களிலிருந்து நம் பையன்களும் அந்த வேலைக்குப் போகிறார்கள்.

கரையில் பிளக் பாயிண்ட் கிடையாது. தூரத்திலிருந்து வயர் இழுத்தால் ஈர மணலும் உப்புத் தண்ணீரும் அதற்கு அடியில்; ஒரு இடத்தில் இன்சுலேஷன் விட்டிருந்தால் உயிர் போகும். ஆகவே பேட்டரி டிரில், பேட்டரி கிரைண்டர் வைத்திருப்பவனைத்தான் கூப்பிடுகிறார்கள். சொந்த மிஷினோடு வருபவனுக்கு ஒரு கூலி. வெறுங்கையோடு வருபவனுக்கு வேறு கூலி. முதலாமவனை வேலைக்காரன் என்பார்கள், இரண்டாமவனைக் கையாள் என்பார்கள். இடையில் இருப்பது ஒரு பேட்டரி.

அந்தப் பேட்டரி செத்துவிட்டால்?

இதைத்தான் இந்தப் பதிவில் பேச வருகிறோம். “இதில் என்ன அரசியல் இருக்கிறது, டிரில் மிஷின் பேட்டரிக்கும் சாதி ஒழிப்புக்கும் என்ன சம்பந்தம்” என்று நம் ஆட்களிலேயே சிலர் கேட்பார்கள் என்று தெரியும். அவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். 1942 முதல் 1946 வரை வைஸ்ராய் நிர்வாகக் குழுவில் தொழிலாளர் உறுப்பினராக இருந்த அம்பேத்கர் மின்சாரத்தையும் தொழில்நுட்பப் பயிற்சியையும் தன் முக்கிய வேலைகளாக எடுத்துக்கொண்டார். அதையெல்லாம் அரசியலுக்கு வெளியே அவர் வைக்கவில்லை. செப்டம்பர் 11 அன்று இம்மானுவேல் சேகரனுக்கு அஞ்சலி செலுத்தப் பரமக்குடிக்கு வரும் கூட்டத்தில் எத்தனை எலக்ட்ரீஷியன், எத்தனை தச்சர், எத்தனை பெயின்டர், எத்தனை ஏசி மெக்கானிக் என்று ஒருமுறை விசாரித்துப் பாருங்கள். நிலம் இல்லாத வீட்டில் பிறந்தவனுக்குக் கருவிதான் நிலம். அவன் கடன் வாங்கி வாங்கிய ஒரே சொத்து அது. அந்த நிலத்துக்கான தண்ணீரை இன்னொருவன் பூட்டி வைத்திருக்கிறான் என்றால் அது அரசியல் இல்லாமல் வேறு என்ன?

நம் மாவட்டத்துக்கு இந்த மிஷின்கள் எப்படி வந்தன என்பதையும் சொல்லிவிடுகிறோம். பெரும்பாலும் வளைகுடாவிலிருந்து. கீழக்கரை, தொண்டி, தேவிபட்டினம் பக்கத்து ஆட்கள் மட்டும் அங்கே போகவில்லை. நம் தெருக்களிலிருந்தும் சவுதிக்கும் கத்தாருக்கும் போனார்கள். ஒப்பந்தம் முடிந்து திரும்பும்போது பெட்டியில் ஒரு டிரில், ஒரு இம்பாக்ட் டிரைவர். நல்ல கம்பெனி மிஷின், பத்து வருடம் ஓடியும் மோட்டாரில் ஒரு குறை இல்லை. கார்பன் பிரஷ் தேய்ந்தால் மாற்றலாம், அது சின்னக் காசு. ஆனால் பேட்டரி மூன்று நான்கு வருடத்தில் தளர்ந்துவிடும். கடையில் கேட்டால் “அந்த மாடல் இப்போ வர்றதில்லை, புதுசா செட்டா எடுத்துக்கோ” என்பதே பதில். எங்களில் ஒருவர் நகரத்து சர்வீஸ் சென்டர் ஒன்றுக்கே பழைய 14.4 வோல்ட் பேக்கை எடுத்துப் போனார். கவுன்ட்டரில் இருந்தவர் அதைத் திறந்துகூடப் பார்க்கவில்லை. பழைய இரும்புக் கடைக்குப் போகச் சொன்னார். இத்தனைக்கும் மோட்டார், கியர், சக் எல்லாம் நன்றாக இருக்கிறது! ஆரோக்கியமான மாட்டைத் தீனி இல்லை என்று அறுக்கச் சொல்வது மாதிரி.

பேட்டரிப் பெட்டிக்குள் என்ன இருக்கிறது என்று தெரிந்தால் இந்தப் பேச்சின் மோசடி புரியும். முதல் பேட்டரி டிரில்லை 1961-ல் பிளாக் அண்ட் டெக்கர் கொண்டுவந்தபோதும், அதன் பிறகு பல பத்தாண்டுகளும், உள்ளே இருந்தது நிக்கல்-காட்மியம். ஒரு செல்லுக்கு 1.2 வோல்ட். 12 செல்லை வரிசையாகக் கோத்தால் 14.4, 15 செல் கோத்தால் 18. இப்போது வருவது லித்தியம் அயான். ஒரு செல் 3.6 வோல்ட், ஐந்து கோத்தால் அதே 18. முழுதாகச் சார்ஜ் ஆனால் செல்லுக்கு 4.2, ஆக 21. கடையில் “21 வோல்ட், அதிக பவர்” என்று விற்கும் மிஷினும் “18 வோல்ட்” என்று விற்கும் மிஷினும் பெரும்பாலும் ஒரே ஐந்து செல்தான். ஸ்டிக்கர் மட்டும் வேறு. உள்ளே இருக்கும் செல்கள் உலகப் பொது அளவு. 18 மில்லிமீட்டர் விட்டம், 65 மில்லிமீட்டர் நீளம், அதனால் 18650 என்று பெயர். கம்பெனிக்குக் கம்பெனி மாறுவது அந்த செல்களைச் சுற்றியிருக்கும் பிளாஸ்டிக் கூடும், அது மிஷினில் மாட்டும் தடமும், ஒரு சின்ன சர்க்யூட் போர்டும்தான். ஒருவன் பேட்டரி இன்னொருவன் மிஷினில் நுழையக் கூடாது என்பதற்காகவே தடத்தை மாற்றி வைக்கிறார்கள். சிலர் இன்னும் ஒரு படி மேலே போய், பேக்கில் கோளாறு என்று போர்டு ஒருமுறை முடிவு செய்துவிட்டால், பிறகு நல்ல செல்லே போட்டாலும் சார்ஜ் ஏறாதபடி பூட்டிவிடுகிறார்கள்.

ஒரே தண்ணீர், தனித்தனிக் குவளை. நமக்குப் பழக்கமான ஏற்பாடுதான்.

இது தொழில்நுட்பத்தின் கட்டாயம் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். ஜெர்மனியில் மெடாபோ 2018-ல் வேறு பல கம்பெனிகளோடு சேர்ந்து ஒரே பேட்டரியை எல்லா மிஷினிலும் போடும்படி ஒரு கூட்டணியே ஆரம்பித்தது. ஐரோப்பிய ஒன்றியம் 2023-ல் போட்ட பேட்டரிச் சட்டத்தில், 2027 பிப்ரவரி 18 முதல் கையடக்கக் கருவிகளின் பேட்டரியைப் பயன்படுத்துபவரே கழற்றி மாற்றும்படி இருக்க வேண்டும் என்கிறது. ஒரு மாடலின் கடைசிப் பீஸ் சந்தைக்கு வந்த பிறகும் குறைந்தது ஐந்து வருடம் அதற்கான பேட்டரி நியாயமான விலையில் கிடைக்க வேண்டும் என்கிறது. பொருந்தக்கூடிய வேறு பேட்டரியைப் போடவிடாமல் சாஃப்ட்வேரால் தடுக்கக் கூடாது என்றும் எழுதியிருக்கிறது. அங்கே இந்தச் சட்டத்துக்குக் கட்டுப்படப் போகும் அதே கம்பெனிகள்தான் இங்கேயும் விற்கின்றன. ராமநாதபுரத்துத் தச்சனுக்கு மட்டும் ஏன் வேறு சட்டம்?

இந்தியாவில் என்ன இருக்கிறது? நுகர்வோர் விவகாரத் துறை 2022 ஜூலையில் பழுதுபார்க்கும் உரிமைக்கு ஒரு குழு போட்டது. அதே வருடம் டிசம்பர் 24 அன்று ஒரு இணையதளமும் திறந்தார்கள். எடுத்துக்கொண்ட துறைகள் நான்கு: விவசாயக் கருவிகள், செல்போன் மற்றும் டேப்லெட், வீட்டு உபயோகப் பொருட்கள், வாகனங்கள். கூலித் தொழிலாளி கையில் பிடிக்கும் மின்கருவி அந்த நான்கில் தனியாக இல்லை. ஃபிரிட்ஜ் வைத்திருப்பவன் நுகர்வோர். டிரில் வைத்திருப்பவன் யார் என்று அவர்கள் இன்னும் முடிவு செய்யவில்லை போலும்.

இனி கருவி கொடுக்கும் அரசுத் திட்டங்களுக்கு வருவோம், எங்களுக்குக் கோபம் அதிகம் இங்கேதான். 2023 செப்டம்பர் 17 அன்று ஒன்றிய அரசு பி.எம். விஸ்வகர்மா திட்டத்தைத் தொடங்கியது. 18 தொழில்கள், தச்சும் படகு கட்டுதலும் அதில் உண்டு. கருவிகள் வாங்க 15,000 ரூபாய் வவுச்சர். ஆனால் குடும்பவழிப் பாரம்பரியத் தொழில் என்ற சட்டகத்தில்தான் திட்டம் நிற்கிறது. கிராமத்தில் முதல்கட்டச் சரிபார்ப்பு பஞ்சாயத்துத் தலைவர் கையில். சேரியில் பிறந்து, ஐ.டி.ஐ. படித்து, தச்சு கற்றுக்கொண்டவன் “உங்க அப்பா என்ன வேலை பார்த்தார்” என்ற கேள்விக்கு என்ன பதில் சொல்ல வேண்டும்? அப்பன் என்ன வேலை செய்தானோ அதைச் செய்யாமல் இருப்பதற்காகத்தானே அவன் படித்தான்! 1953-ல் ராஜாஜி கொண்டுவந்த குலக்கல்வியை விரட்டிய மாநிலம் இது. இந்தத் திட்டத்தை இந்த வடிவில் நிறைவேற்ற மாட்டோம் என்று தமிழ்நாடு அரசு 2024 நவம்பரில் எழுதியது சரிதான். அதை நாங்கள் வரவேற்றோம், இப்போதும் வரவேற்கிறோம்.

அதற்கு மாற்றாக வந்தது கலைஞர் கைவினைத் திட்டம். 25 தொழில்கள், 3 லட்சம் வரை கடன், 50,000 ரூபாய் வரை மானியம், சாதி கேட்பதில்லை. ஆனால் 35 வயது ஆகியிருக்க வேண்டும். படிக்க வேண்டிய பிள்ளைகளைத் தொழிலுக்கு இழுத்துவிடக் கூடாது என்பதுதான் காரணம் என்கிறார்கள். காரணம் நல்லது. விளைவு? 24 வயதில் சொந்தமாக வேலை எடுக்கத் துடிப்பவன் இன்னும் 11 வருடம் கையாளாக இருக்க வேண்டும்.

இரண்டு திட்டத்திலும் ஒரே ஓட்டை இருக்கிறது. கருவி என்றால் ஒருமுறை வாங்கிக் கொடுத்தால் முடிந்தது என்று நினைக்கிறார்கள். உளிக்கும் சுத்தியலுக்கும் அது சரி. பேட்டரி மிஷினுக்கு அது பொருந்தாது. பேட்டரி தேயும் பொருள், லாரிக்கு டயர் மாதிரி. கொடுத்த மிஷின் நான்காம் வருடம் பரணில் கிடக்கும். ஃபோட்டோ எடுத்துப் போட்டுவிட்டுப் போன அதிகாரிக்கு அது தெரியப் போவதில்லை. கருவி மானியத்தோடு, மாற்று பேட்டரிக்கோ பழைய பேக்கைத் திருப்பிக் கட்டுவதற்கோ மூன்று வருடத்துக்கு ஒருமுறை ஒரு தொகை ஒதுக்குவதில் என்ன கஷ்டம்?

சட்டம் வரும்வரை பேட்டரி காத்திருக்காது. வேலையில் இருக்கும் தோழர்களுக்குத் தெரிந்த விஷயங்களை இங்கே எழுதி வைக்கிறோம். படிக்கும் தம்பி தங்கைகள் வீட்டில் அண்ணனுக்கும் அப்பாவுக்கும் படித்துக் காட்டுங்கள்.

நம் ஊரில் பேட்டரியைக் கொல்வது முதலில் வெயில். தடைக்கால வேலையே ஏப்ரல், மே, ஜூன். தகரக் கொட்டகையிலும் பைக் பெட்டியிலும் பேக் கிடந்து வேகிறது. வேலை முடிந்த சூட்டோடு சார்ஜரில் போடாதீர்கள். கையில் தொட்டால் சூடு தெரியாத அளவுக்கு ஆறட்டும். லித்தியம் செல்லை 45 டிகிரிக்கு மேல் சூட்டில் சார்ஜ் செய்வது அதன் ஆயுளை அறுப்பது. மழைக்காலத்தில் வேலை இல்லாமல் மாதக்கணக்கில் வைப்பதானால் பாதி சார்ஜில், நிழலில், மிஷினிலிருந்து கழற்றி வையுங்கள். முழுசாக இறக்கி வைத்தால் திரும்ப எழாது.

அடுத்தது உப்புக் காற்று. பேக்கின் காண்டாக்டில் பச்சை பூத்துவிடும். மிஷின் திக்கித் திக்கி ஓடும். பேட்டரி போச்சு என்று நினைத்துத் தூக்கிப் போடுபவர்கள் உண்டு. செல்போன் ரிப்பேர் கடையில் ஐ.பி.ஏ. என்று கேட்டால் கிடைக்கும் திரவத்தைத் துணியில் தொட்டுத் துடைத்தால் போதும். உப்புத்தாள் போட்டுத் தேய்த்தால் மேல் பூச்சு போய், அடுத்த மாதம் இன்னும் மோசமாகப் பூக்கும். பேக் கடல் தண்ணீரில் விழுந்துவிட்டால், காயவைத்துச் சார்ஜ் போட்டுப் பார்க்கும் வேலை வேண்டாம். வீட்டுக்கு வெளியே, எரியும் பொருள் எதுவும் பக்கத்தில் இல்லாத இடத்தில் வையுங்கள். அது மணிக்கணக்கு கழித்தும் தீப்பிடிக்கலாம்.

பழைய நிக்கல்-காட்மியம் பேக் வைத்திருப்பவர்கள் ஒரு வைத்தியம் செய்வார்கள்: டிரிக்கரை டேப் போட்டு ஒட்டி, மோட்டார் தானாக நிற்கும்வரை ஓடவிடுவது. “மெமரி” போகும் என்று சொல்வார்கள். பத்துப் பன்னிரண்டு செல்லும் ஒரே நேரத்தில் காலியாவதில்லை. பலவீனமான செல் முதலில் காலியாகும், மற்றவை அதைத் தலைகீழாகச் சார்ஜ் செய்துவிடும், அந்த செல் அத்தோடு முடிந்தது. வேகம் குறைவது தெரிந்தவுடன் நிறுத்திச் சார்ஜ் போடுங்கள், அது போதும்.

பேக்கைத் திருப்பிக் கட்டுவது பற்றி. செத்த பேக்கில் எல்லா செல்லும் செத்திருப்பதில்லை, ஒன்றிரண்டுதான் மொத்தத்தையும் இழுத்துப் போட்டிருக்கும். அதற்காக அந்த ஒன்றை மட்டும் மாற்றினால் சில மாதத்தில் அடுத்தது போகும். எல்லாவற்றையும் ஒரே கம்பெனி, ஒரே மாடல், ஒரே தொகுப்பில் வாங்கி மாற்ற வேண்டும். செல்லின் மேல் நேராகச் சால்டரிங் வைக்கக் கூடாது, சூடு உள்ளே போய் செல்லைக் கெடுக்கும். நிக்கல் பட்டையும் ஸ்பாட் வெல்டிங்கும் வேண்டும். லேப்டாப் செல்லைப் பிரித்தெடுத்து டிரில்லுக்குப் போடுவது வேலைக்கு ஆகாது. டிரில் ஒரே இழுப்பில் கேட்கும் கரண்டை அது தராது, சூடாகும். ஆன்லைனில் “9900 எம்ஏஎச்” என்று எழுதி விற்கும் 18650 செல் சுத்தப் பொய். அந்த அளவு செல்லில் நல்ல கம்பெனியே 3500 சொச்சத்தைத் தாண்ட முடியவில்லை.

நிக்கல் மிஷினை லித்தியத்துக்கு மாற்றலாம். 14.4 வோல்ட் மிஷினுக்கு நான்கு லித்தியம் செல் சரியாக வரும். ஆனால் பழைய நிக்கல் சார்ஜரில் லித்தியம் செல்லை ஒருபோதும் போடாதீர்கள். அதற்கென்று தனி சார்ஜரும், செல்களைக் காக்கும் பி.எம்.எஸ். போர்டும் இல்லாமல் செய்தால் வீடு எரியும். 2.5 வோல்ட்டுக்குக் கீழே இறங்கிக் கிடக்கும் லித்தியம் செல்லுக்கு இன்னொரு பேட்டரியிலிருந்து ஒயர் போட்டு “உயிர் கொடுப்பது” யூடியூபில் நன்றாக இருக்கும். தெரிந்தவரிடம் உட்கார்ந்து கற்றுக்கொள்ளாமல் யாரும் பேக்கைப் பிரிக்க வேண்டாம்.

அந்தத் “தெரிந்தவர்” எங்கே இருக்கிறார் என்பதுதான் கேள்வி. ராமநாதபுரத்திலும் பரமக்குடியிலும் அரசு ஐ.டி.ஐ. இருக்கிறது. எலக்ட்ரீஷியன் படிப்பு இருக்கிறது. ஒரு ஸ்பாட் வெல்டிங் மிஷின், செல் டெஸ்டர், நல்ல சார்ஜர், தீயணைக்கும் மணல் வாளி. ஒரு அறைக்கு இவ்வளவுதான் தேவை. மாலை நேரத்தில் வேலைக்காரர்களுக்குக் கதவைத் திறந்துவிட்டால், படிக்கும் பிள்ளைகளுக்குப் பயிற்சி, உழைப்பவனுக்குப் பேட்டரி. அங்கே படிக்கும் தங்கைகள் இந்த வேலையில் கை வைத்தால் இன்னும் நல்லது. மிஷின் வேலை ஆம்பளை வேலை என்பதும் ஒரு குலத்தொழில் பேச்சுதான்.

கடைசியாகச் செத்த செல்களைப் பற்றி. கார் பேட்டரியோ இன்வெர்ட்டர் பேட்டரியோ செத்தால் கடையில் கொடுத்துப் புதியதன் விலையில் கழித்துக்கொள்கிறோம். ஈயத்துக்கு விலை இருப்பதால் அந்தச் சுற்று நடக்கிறது. டிரில் பேட்டரிக்கு அப்படி யாரும் காசு தருவதில்லை. அது குப்பைக்குப் போகிறது. குப்பையில் கை வைப்பது யார் என்று இந்தத் தளத்தின் வாசகர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. கூட்டை உடைத்து நிக்கல் பட்டைக்கும் செம்புக்கும் பொறுக்குபவர் நம் ஆள், குப்பை எரியும் இடத்தில் நிற்பவர் நம் ஆள். காட்மியம் சிறுநீரகத்தையும் எலும்பையும் தின்னும். டிரில் பேட்டரிகளில் அது இருக்கக் கூடாது என்று ஐரோப்பா 2017 ஜனவரி முதல் தடுத்தது. நம் பரண்களில் இன்னும் கிடக்கிறது.

சட்டம் இல்லாமல் இல்லை. 2022 ஆகஸ்டில் வந்த பேட்டரிக் கழிவு மேலாண்மை விதிகள், உற்பத்தி செய்தவனும் இறக்குமதி செய்தவனும் பழைய பேட்டரியைத் திரும்பச் சேகரித்து மறுசுழற்சிக்கு அனுப்ப வேண்டும் என்கிறது; குப்பைக்கிடங்கில் புதைப்பதையும் எரிப்பதையும் தடுக்கிறது. கையடக்கப் பேட்டரிகளில் 2026-27 முதல் 90 சதவீதப் பொருளை மீட்க வேண்டும் என்று இலக்கும் வைத்திருக்கிறது. சேகரிக்க ஒரு பெட்டிகூட வைக்காத ஊரில் 90 சதவீதம் எங்கிருந்து வரும்?

ஆகவே இந்த மாதம் ஒரு வேலை செய்யலாம் என்று நினைக்கிறோம். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில், தமிழ்நாடு மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்தின் பொதுத் தகவல் அலுவலருக்கு மனு. பத்து ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் போதும். ராமநாதபுரம் மாவட்டத்தில் கையடக்கப் பேட்டரிகளைச் சேகரிக்கும் மையங்கள் எத்தனை, எங்கே. அவற்றை நடத்துவது எந்த உற்பத்தியாளர்கள். 2022-க்குப் பிறகு ஒவ்வொரு வருடமும் எத்தனை கிலோ சேர்ந்தது. நகராட்சிக் குப்பையில் பேட்டரி பிரிக்கும் தூய்மைப் பணியாளர்களுக்குக் கையுறையும் பயிற்சியும் கொடுக்கப்பட்டதா. கடைசிக் கேள்வியைத் தனி மனுவாக ராமநாதபுரம், பரமக்குடி, கீழக்கரை, ராமேஸ்வரம் நகராட்சிகளுக்கும் போடுங்கள். மனு ஸ்பீட் போஸ்டில் போகட்டும், ரசீதைப் பத்திரமாக வையுங்கள். 30 நாளில் பதில் வராவிட்டால் முதல் மேல்முறையீடு. வரும் பதில்களை ஸ்கேன் செய்து எங்களுக்கு அனுப்புங்கள், வந்தபடியே இங்கே போடுகிறோம்.

ஜெய் பீம்.